எஃப்.சி.1 × எஃப்.சி.2 இளம்புழு: தட்டில் வருவது பாதி, ஷெட்டில் சேர்வது மீதி

சரக்கு: இரட்டைக் கலப்பின வெண்பட்டுப் புழு. இரண்டாம் தோலுரிப்பில் கொடுக்கப்படுவது, 100 முட்டைத் தொகுதிக் கணக்கில் (ஒரு தாய் அந்துப்பூச்சி இடும் முட்டை ஒரு தொகுதி). கிடைக்கும் இடம்: இளம்புழு வளர்ப்பு மையங்கள், ஊர்ப்பேச்சில் சாக்கி சென்டர்.

ஒரே காலையில், ஒரே மையத்தில், ஒரே அடுக்கிலிருந்து பிரித்துக் கொடுத்த புழு ஒரு ஷெட்டில் 100 தொகுதிக்கு 80 கிலோ கூடு தரும். நாலு கிலோமீட்டர் தள்ளி இன்னொரு ஷெட்டில் 45 கிலோவைத் தாண்டாது. முதலாமவர் முட்டை அருமை என்பார், இரண்டாமவர் முட்டை மட்டம் என்பார். தட்டில் வந்த மரபு இருவருக்கும் ஒன்றுதான். அதனால் இந்தச் சரக்குக்கு ஒற்றை மதிப்பெண் போடுவது அர்த்தமில்லாத வேலை. எந்தச் சூட்டில், எந்த ஈரத்தில், எந்த மல்பெரித் தழைக்கு எவ்வளவு தரும் என்றுதான் சொல்ல முடியும். இந்த மதிப்பீடு முழுக்க அந்தக் கணக்குத்தான்.

பெயரிலேயே வம்சாவளி இருக்கிறது. எஃப்.சி.1 என்பது சி.எஸ்.ஆர்.6, சி.எஸ்.ஆர்.26 என்ற இரண்டு தூய இனங்கள் சேர்ந்தது. எஃப்.சி.2 என்பது சி.எஸ்.ஆர்.2-ம் சி.எஸ்.ஆர்.27-ம் சேர்ந்தது. இந்த இரண்டு கலப்பையும் மறுபடி கூட்டினால் வருவதுதான் நாம் வாங்கும் புழு. மைசூரிலுள்ள மத்தியப் பட்டு ஆராய்ச்சி நிலையத்தில், ஜப்பானியர் ஒத்துழைப்போடு 1990-களில் தொடங்கிய வேலையில் பிறந்த வரிசை இது. 6-ம் 26-ம் இடுப்பு இடுங்கிய, உடுக்கை மாதிரிக் கூடு கட்டும். 2-ம் 27-ம் கட்டுவது முட்டை வடிவக் கூடு. உறவு விலகிய இரண்டு வழிகளைச் சேர்த்தால்தான் கலப்பு வீரியம் முழுசாக வரும் என்பதால் இந்த ஜோடி.

சும்மா இரண்டு தூய இனத்தைச் சேர்த்தாலே கலப்பினம்தானே, நாலு எதற்கு? தூய சி.எஸ்.ஆர். இனங்கள் நோஞ்சான்கள். அவற்றைத் தாயாக வைத்து முட்டை எடுப்பது செலவு பிடித்த வேலை. தாய் அந்துப்பூச்சியே கலப்பினமாக இருந்தால் கூடுதலாக முட்டை இடும், வளர்க்கும்போது சாவும் குறையும். ஆக முதல் லாபம் முட்டை உற்பத்தி நிலையத்துக்கு. விவசாயிக்கு வரும் லாபம், நாலு வழி மரபு கலந்ததால் கூட்டம் மொத்தமாகக் கவிழ்ந்துவிடாத ஒரு தாங்குதிறன். பட்டுப்புழுவில் மெண்டலின் விதிகள் செல்லும் என்று 1906-ல் காட்டிய தோயாமா கமெட்டாரோதான் வணிக வளர்ப்புக்கு முதல் தலைமுறைக் கலப்பு முட்டையே கொடுக்க வேண்டும் என்று வாதாடியவர். நூறு வருஷம் கழித்தும் வியாபாரம் அந்தத் தடத்தில்தான் ஓடுகிறது.

மரபு என்ன தருகிறது என்று முதலில் பார்த்துவிடலாம். ஒரு தொகுதியில் ஏறக்குறைய 500 முட்டை, 100 தொகுதிக்கு 50,000 புழு. நல்ல சூழலில் ஒரு கூட்டின் எடை 1.7 முதல் 1.9 கிராம். அதில் ஓடு மட்டும் 22, 23 சதவீதம். ஒரு கூட்டிலிருந்து 1,000 மீட்டருக்கு மேல் இழை வரும். 6 முதல் 6.5 கிலோ கூட்டில் ஒரு கிலோ நூல். பழைய கலப்பினமான மைசூர் இனம் × சி.எஸ்.ஆர்.2-ல் (மஞ்சள் கலப்பினம் என்பது இதுதான்) ஓடு 17, 18 சதவீதத்தில் நின்றுவிடும். ஒரு கிலோ நூலுக்கு ஏழரை, எட்டு கிலோ கூடு வேண்டும். கலக்காத மைசூர் இனம் ஒரு கிராம் அளவில் மஞ்சள் பச்சைக் கூடு கட்டும், இழையும் 400 மீட்டர் அளவில் முடிந்துவிடும். தறிக்காரருக்குத் தேவையான ஒரே சீரான பாவு நூல் வெண்கூட்டிலிருந்துதான் கிடைக்கும், ஏலத்தில் விலை ஏறுவதும் அதனால்தான்.

இந்த எண்களை எல்லாம் ஒரே தராசில் வைக்கக் கூடாது. ஓட்டுச் சதவீதம் பெரும்பாலும் மரபு வழி வருவது. வளர்ப்பு சுமாராக இருந்தாலும் அது ஓரளவு தன் இடத்தில் நிற்கும். எத்தனை புழு உயிரோடு கூட்டுக்குள் போகிறது என்பது அப்படி இல்லை, அது பெரும்பாலும் ஷெட்டின் கையில். கூட்டு எடை இரண்டுக்கும் நடுவில். ஆகவே ‘22 சதவீத ஓடு’ என்று மையம் சொன்னால் நம்பலாம். ‘100 தொகுதிக்கு 80 கிலோ’ என்று சொன்னால் அது உங்கள் ஷெட்டைப் பார்க்காமல் சொன்ன வார்த்தை.

இன்னொன்று, இரண்டு இனத்தையும் ஒரே வெயிலில் வைத்தால் வரிசையே மாறிவிடும். 25 டிகிரியில் இரட்டைக் கலப்பினம் மஞ்சள் கலப்பினத்தைச் சுலபமாக முந்தும். தகரக் கூரைக்குக் கீழே சித்திரை மாதத்தில் 35 டிகிரி தாண்டிய ஷெட்டில் மஞ்சள் கலப்பினம் கூடு கட்டி முடிக்கும், வெண்புழு பாதி வழியில் சாயும். மைசூர் இனம் நம் சூட்டில் பல தலைமுறை வாழ்ந்து தேறியது. சி.எஸ்.ஆர். வரிசையின் வேர் குளிர்நாட்டு ஜப்பானிய, சீனப் புழுக்களில் இருக்கிறது. எது நல்ல இனம் என்று கேட்டால் பதில் வெப்பமானியைப் பார்த்துத்தான் சொல்ல வேண்டும்.

மஞ்சள் கலப்பினத்தில் யார் தாய், யார் தகப்பன் என்பதும் சரக்கையே மாற்றும். மைசூர் இனம் தாய் என்றால் அந்த முட்டை உறங்காது, பத்து நாளில் பொரித்துவிடும். தாயை மாற்றி சி.எஸ்.ஆர்.2-ஐ வைத்தால், அதே இரண்டு இனத்தின் மரபு இருந்தும், முட்டை உறக்கத்துக்குப் போய்விடும். முட்டை உறங்குவதைத் தீர்மானிப்பது முட்டைக்குள் இருக்கும் கருவின் மரபு இல்லை. தாய் கூட்டுப்புழுவாக இருக்கும்போது அதன் உணவுக்குழாய்க்குக் கீழ் உள்ள நரம்புத் திரளிலிருந்து சுரக்கும் உறக்க ஹார்மோன்தான் அதைச் செய்கிறது.

இதற்கு மேலும் ஒரு படி போகிறது விஷயம். வெண்பட்டு இனங்கள் இருதலைமுறை இனங்கள், அதாவது இயல்பாக வருஷத்துக்கு இரண்டு தலைமுறை காண்பவை. அந்தத் தாய், தான் முட்டையாக இருந்தபோது 25 டிகிரியிலும் நீண்ட வெளிச்சத்திலும் அடைகாக்கப்பட்டிருந்தால், அது வளர்ந்து இடும் முட்டை உறங்கும். 15 டிகிரியிலும் இருட்டிலும் அடைகாக்கப்பட்டிருந்தால், அது இடும் முட்டை உறங்காமல் பொரிக்கும். மரபு அட்சரம் பிசகாமல் ஒன்றுதான். தாய் முட்டைக்குள் இருந்தபோது பட்ட சூடும் வெளிச்சமும் பிள்ளையின் நடத்தையாக ஒரு தலைமுறை கழித்து வெளியே வருகிறது. ஜப்பானில் இது வசந்தத்துக்கும் இலையுதிர் காலத்துக்கும் புழு தன்னைத் தயார் செய்துகொள்ளும் வழி. இலை இல்லாத பனிக்காலத்தில் முட்டை பொரிந்துவிடக் கூடாது அல்லவா.

நம் ஊரில் மல்பெரி வருஷம் முழுக்கத் தழைக்கும், முட்டை உறங்கிக் கிடக்க அவசியம் இல்லை. அதனால் முட்டை உற்பத்தி நிலையம் அந்த உறக்கத்தைக் கலைத்துவிடும். முட்டை இட்டு 20 முதல் 24 மணிக்குள், 1.075 ஒப்படர்த்தி உள்ள ஹைட்ரோகுளோரிக் அமிலத்தை 46 டிகிரிக்குச் சூடாக்கி, சுமார் 5 நிமிடம் முக்கி எடுத்து, அமிலம் போகும் வரை தண்ணீரில் அலசுவார்கள். நேரம் தவறினால் பாதி முட்டை கலையும், பாதி உறங்கும். பொரிப்பு இரண்டு மூன்று நாளுக்கு இழுக்கும் கோளாறு பல நேரம் இங்கேதான் தொடங்குகிறது. வாங்குபவர் கண்ணுக்கு அது ‘புழு ஒரே அளவாக இல்லை’ என்று பத்து நாள் கழித்துத் தெரியும்.

தாய்வழி வருவதெல்லாம் மரபு என்று நினைப்பவர்களுக்கு இங்கே இன்னொரு அடி உண்டு: பெப்ரின் என்ற நோய். நொசிமா என்ற நுண்ணுயிரி தாய் அந்துப்பூச்சியின் உடலிலிருந்து முட்டைக்குள் நேராகப் போய் உட்காரும். 1860-களில் பிரான்ஸில் பாஸ்டர் கண்ட வழிதான் இன்றும்: முட்டையிட்ட தாயை நசுக்கி, நுண்ணோக்கியில் பார்த்து, நோய் வித்து தெரிந்தால் அந்தத் தொகுதியையே கொளுத்துவது. ‘நோயற்ற முட்டைத் தொகுதி’ என்ற பெயரே அதிலிருந்து வந்தது. எனவே பில்லில் இனத்தின் பெயரோடு முட்டை எந்த நிலையத்தில் எடுத்தது, தொகுப்பு எண் என்ன, முட்டையிட்ட தேதி என்ன என்ற மூன்றும் இருக்க வேண்டும். அவை இல்லாத புழு எவ்வளவு கொழுகொழுவென்று இருந்தாலும் வாங்க வேண்டாம்.

இனி மையம் செய்யும் சேவை. காசு கொடுப்பது இதற்குத்தான், இந்தப் பொருளின் சிறந்த பகுதியும் இதுதான். முட்டையை 25 டிகிரி, 75 முதல் 80 சதவீத ஈரப்பதம், 16 மணி வெளிச்சம், 8 மணி இருட்டு என்று வைப்பார்கள். எட்டாம் நாள் வாக்கில் முட்டையில் கருப்புப் புள்ளி தெரியும். அப்போது கருப்புத் துணியிலோ பெட்டியிலோ 48 மணி நேரம் இருட்டடித்து, விடியற்காலையில் வெளிச்சம் காட்டினால் புழுக்கள் ஒருசேரப் பொரிக்கும். முந்திய கரு இருட்டில் காத்திருக்கிறது, பிந்திய கரு எட்டிப் பிடிக்கிறது. வீட்டு மூலையில் முட்டை வைத்துப் பொரிக்க வைப்பவர் பெரும்பாலும் தவறவிடுவது இந்த 48 மணியைத்தான்.

பொரித்த புழு அரை மில்லிகிராம்கூட இருக்காது. 24 நாளில் அது ஏறக்குறைய 10,000 மடங்கு எடை போட வேண்டும். புழு நாலு முறை தோலுரிக்கும், அவற்றால் பிரியும் ஐந்து காலங்களே ஐந்து பருவம். முதல் பருவத்துக்கு 28 டிகிரி, 85 முதல் 90 சதவீத ஈரம். இரண்டாம் பருவத்துக்கு 27 டிகிரி, 85 சதவீதம். பெரிய புழுவுக்கு இந்த ஈரம் எமன், சின்னதுக்கு இதுதான் உயிர்: ஈரம் குறைந்தால் நறுக்கிய தழை ஒரு மணியில் சுருண்டுவிடும், இந்த வாய்க்கு அதைக் கடிக்க முடியாது. தழையும் தனித் தோட்டத்தில், நுனிக்கு அடுத்த பளபளப்பான இலையும் அதற்குக் கீழ் உள்ள இரண்டு மூன்று இலைகளும் மட்டும் பறித்து, அரை முதல் 2 சதுர சென்டிமீட்டர் துண்டுகளாக நறுக்கிப் போட வேண்டும். இந்த எட்டு நாளில் இளைத்த புழுவைப் பின்னால் எவ்வளவு தழை கொட்டினாலும் தேற்ற முடியாது. முழு வளர்ப்புக்கும் தேவைப்படும் தழையில் மிகச் சிறிய பங்கே இந்த இரண்டு பருவத்துக்கும் செலவாகிறது. சின்ன பங்கு, ஆனால் கைதவறினால் முழு மகசூலும் போகும். அதனால்தான் முட்டையாக வாங்கிச் சொந்தமாகப் பொரிக்க வைப்பதைவிட, தனி அறையும் ஈரமூட்டியும் இல்லாத எவரும் இளம்புழுவாக வாங்குவதே மேல்.

வாங்கும் நாளில் எதைப் பார்ப்பது? இரண்டாம் தோலுரிப்பில் இருக்கும்போதே ஏற்றி அனுப்புவது வழக்கம், ஏனென்றால் அப்போது அது தின்னாது, நகராது. தட்டைக் கூர்ந்து பார்த்தால் பத்துக்கு ஒன்பது புழு தலையைத் தூக்கி அசையாமல் நிற்க வேண்டும். சில இன்னும் தின்றுகொண்டும் சில சட்டை உரித்து அலைந்துகொண்டும் இருந்தால், பொரிப்பு சிதறியது அல்லது இரண்டு தேதிப் புழு கலந்தது என்று பொருள். அப்படிக் கலந்த தட்டு ஒவ்வொரு தோலுரிப்பிலும் பிசகிப் பிசகி, கடைசியில் கூடு கட்டுவது நாலு நாள் இழுக்கும். பயணம் விடியற்காலையில் அல்லது சாயங்காலம் மட்டும். தட்டுகளை ஒன்றின்மேல் ஒன்று காற்றுப் புகாமல் அடுக்கி நண்பகலில் ஏற்றும் மையத்தை அடுத்த முறை தவிர்த்துவிடலாம். எண்ணிக்கைச் சந்தேகம் இருந்தால் ஒரு தட்டில் ஒரு கைச் சதுரம் அளந்து எண்ணிப் பெருக்கிப் பார்க்கலாம், மையத்துக்காரர் கோபித்துக்கொள்ள மாட்டார். கோபித்தால் அதுவே ஒரு பதில்.

ஷெட்டுக்கு வந்த பிறகு மரபின் கதை மூச்சடக்கிக்கொள்கிறது, சூழலின் கதை தொடங்குகிறது. முதல் தழை போட அவசரப்படக் கூடாது. நூற்றில் 95 புழு சட்டை உரித்த பிறகே போட வேண்டும். முந்திக்கொண்டு போட்டால் எழுந்த புழு மட்டும் தின்று ஒரு நாள் முன்னே ஓடும், ஒருசீரான கூட்டத்துக்குக் கொடுத்த காசு அங்கேயே வீண். மூன்றாம் பருவம் 26 டிகிரி, 80 சதவீத ஈரம். நான்காவது 25 டிகிரி, 70 முதல் 75. ஐந்தாவது 23, 24 டிகிரி, 65 முதல் 70. போகப் போகச் சூடும் ஈரமும் இறங்குவதைக் கவனியுங்கள். பெரிய புழு தானே தண்ணீரையும் சூட்டையும் வெளியிடும் அடுப்பு மாதிரி.

சூடு கூடினால் புழு செத்துத்தான் தீர வேண்டும் என்று இல்லை. 32 டிகிரிக்கு மேல் அது அவசரப்படும். ஏழு நாள் தின்ன வேண்டிய ஐந்தாம் பருவத்தை ஐந்தரை, ஆறு நாளில் முடித்துக்கொண்டு கூடு கட்டப் புறப்பட்டுவிடும். சீக்கிரம் முடிந்ததே என்று சந்தோஷப்படுபவர் ஏலத்தில்தான் உணர்வார்: தின்ற தழை குறைந்தது, கூடு 1.3 கிராம். மரபில் எழுதிய 1.8 கிராம் எங்கும் போகவில்லை, தின்ன நாள் கிடைக்கவில்லை.

பட்டுச் சுரப்பியைப் பார்த்தால் இது இன்னும் தெளிவாகும். அந்தச் சுரப்பியில் எத்தனை செல் என்பது முட்டைக்குள் கரு இருக்கும்போதே முடிவாகிவிடும். அதன் பிறகு செல் பிரிவதே கிடையாது. ஒவ்வொரு செல்லும் தன் மரபுப் பிரதிகளை மட்டும் உள்ளேயே லட்சக்கணக்கில் பெருக்கிக்கொண்டு ஊதிப் பெருக்கும். பெருக்குவதற்கு வேண்டிய சரக்கு ஐந்தாம் பருவத் தழையிலிருந்து வருகிறது. மொத்தத் தழையில் 80 சதவீதத்துக்கு மேல் இந்த ஒரு வாரத்தில்தான் செலவு. 100 தொகுதிக்கு மொத்தம் ஒரு டன் அளவில் தழை வேண்டும். நாலாம் பருவம் வரை தாராளமாகப் போட்டு ஐந்தில் கையை இறுக்குவது, கலியாண வீட்டில் பந்திக்கு முன்னால் அடுப்பை அணைப்பது மாதிரி.

தழைக்கும் தன் பங்கு மரபு இருக்கிறது. வி1 என்ற மல்பெரி ரகம் 1997-ல் வந்தது, இரட்டைக் கலப்பினம் ஓடும் வண்டி இதுதான். மூன்றடி, ஐந்தடி ஜோடி வரிசையில் இரண்டடி இடைவெளியில் நட்டு, ஹெக்டேருக்கு வருஷத்துக்கு 20 டன் தொழுவுரமும், 350:140:140 கிலோ தழை, மணி, சாம்பல் சத்தும், தண்ணீரும் கொடுத்தால் அது 60 டன் தழைக்குப் பக்கம் போகும். தண்ணீர் இல்லாத மானாவாரிக் காட்டில் அதே வி1 முரட்டு இலை விடும், புழு அதை ஓரத்தில் மட்டும் கடிக்கும். அந்த நிலத்துக்கு எஸ்13 போன்ற வறட்சி தாங்கும் ரகமே பொருத்தம், எடை குறைவாக இருந்தாலும். புழுவுக்கு இனம் தேடுகிறவர்கள் தழைக்கு ரகம் தேடாமல் போவது இந்தத் தொழிலின் பெரிய விசித்திரம்.

இடம்: ஐந்தாம் பருவ முடிவில் 100 தொகுதிக்குக் குறைந்தது 500 முதல் 600 சதுர அடி. இதில் மிச்சம் பிடிக்க 150 தொகுதியை அடைத்தால், எண்ணிக்கை கூடிக் கூட்டு எடை குறையும், சாவும் கூடும். 50 தொகுதிக்குக் கொடுத்த காசு குப்பைக்குழியில்.

சூட்டைக் குறைக்கச் சன்னலில் நனைத்த கோணிச் சாக்கு தொங்கவிடுவது எல்லோரும் செய்வது. வெளிக்காற்று வறண்டிருக்கும் மார்ச், ஏப்ரலில் இது நன்றாக வேலை செய்யும். ஐப்பசி மழையில் அதையே செய்தால் தண்ணீர் ஆவியாக இடமில்லாமல் ஈரம் 90-ஐத் தொட்டு, சுண்ணக்கட்டு நோய்ப் பூஞ்சை கொண்டாடும். மழைக்காலத்தில் வேண்டியது காற்றோட்டமும் படுக்கையில் தூவும் சுண்ணாம்புத் தூளும். கூரைக்குச் செய்யும் செலவு எல்லாக் காலத்துக்கும் உதவும்: தகரத்தின் மேல் தென்னங்கீற்று, அல்லது வெள்ளைப் பூச்சு, ஷெட்டைச் சுற்றி நிழல் மரம். ஏ.சி. பற்றிக் கேட்பவர்களுக்கு: மின்கட்டணத்தைக் கூட்டிப் பார்த்துவிட்டுப் பேசுங்கள்.

நோயிலும் மரபும் சூழலும் ஒரே விகிதத்தில் கலப்பதில்லை. டென்சோ வைரஸின் சில வகைகளை எதிர்த்து நிற்க ஒரே ஒரு மரபணுவின் மாற்றம் போதும். அது இரு பெற்றோர் வழியும் வந்த புழுவுக்கு எவ்வளவு வைரஸ் கொடுத்தாலும் ஒன்றும் ஆகாது. பால்புழு நோய் அந்த மாதிரி இல்லை. எந்த வணிக இனமும் அதற்கு முழுக்க எதிர்த்து நிற்பதில்லை. வைரஸ் எவ்வளவு உள்ளே போனது, சூடு எவ்வளவு ஏறி இறங்கியது, தழை எவ்வளவு சத்தில்லாதது என்பதே முடிவு செய்கிறது. கணுக்கள் வீங்கி, தட்டின் ஓரத்தில் அலைந்து, தொட்டால் பால் மாதிரி நீர் வடியும் புழுவைக் கண்ட உடனே பொறுக்கி 2 சதவீத பிளீச்சிங் கரைசலில் போட்டுப் புதைக்க வேண்டும். கோழிக்குப் போடுவது அடுத்த வளர்ப்புக்கும் நோயை விதைப்பது. புழு வருவதற்கு ஐந்து நாள் முன்பே ஷெட்டை 2 சதவீத பிளீச்சிங் பவுடரும் 0.3 சதவீத நீற்றிய சுண்ணாம்பும் கலந்த கரைசலால் சுவர், தரை, தாங்கி எல்லாம் நனைய அடிக்க வேண்டும். ஒவ்வொரு தோலுரிப்புக்குப் பிறகும், தழை போட அரைமணி முன்னால் படுக்கைத் தூள் (புழுப் படுக்கைக்கான கிருமிநாசினித் தூள்) தூவ வேண்டும். முழு வளர்ப்புக்கு 100 தொகுதிக்கு 4 முதல் 5 கிலோ பிடிக்கும். கதவுக்கும் சன்னலுக்கும் நைலான் வலை, புழுவின் மேல் முட்டையிடும் ஒட்டுண்ணியான ஊசி ஈக்காக. உடம்பில் கருப்புத் தழும்பு வந்த பிறகு வலை தேடிப் பயனில்லை.

கூடு கட்டும் மூன்று நாள், கையில் வந்ததை இழக்கும் நாள். சதுர அடிக்கு 40 முதல் 50 முதிர்ந்த புழுவுக்கு மேல் நெட்ரிகையில் (புழு கூடு கட்ட விடும் தாங்கி) விடக் கூடாது. நெருக்கினால் இரண்டு புழு சேர்ந்து ஒரே கூடு கட்டும், அது நூல் ஆலைக்கு உதவாது, முரட்டுப் பட்டுக்குத்தான் போகும். இரட்டைக்கூடு கட்டும் பழக்கம் இனத்துக்கு இனம் கூடக் குறைய இருப்பது உண்மை. நெருக்கம் அந்தப் பழக்கத்தைத் தூண்டிவிடுகிறது. 24, 25 டிகிரியும் 60 முதல் 65 சதவீத ஈரமும் காற்றும் வேண்டும். ஒவ்வொரு புழுவும் கட்டத் தொடங்கும் முன் சிறுநீர் கழிக்கும். 50,000 புழுவின் ஈரம் மூடிய அறையில் நின்றால், இழையை ஒட்டும் செரிசின் பசை மெல்லக் காய்ந்து கல்லாக இறுகும். வெந்நீரில் போட்டாலும் இழை பிரியாது, அறுந்து அறுந்து போகும். 1,000 மீட்டர் இழை கட்டும் மரபு இருக்கிறது, ஆலையில் 600 மீட்டரோடு அறுகிறது. எடையில் இது தெரியாது, தறியில் தெரியும், அடுத்த ஏலத்தில் அந்த ஆலைக்காரர் உங்கள் கூட்டைத் தொடமாட்டார். அறுவடை கட்டத் தொடங்கியதிலிருந்து ஏழாம் நாள். மஞ்சள் கலப்பினப் பழக்கத்தில் ஐந்தாம் நாளே பறித்தால் உள்ளே கூட்டுப்புழு இன்னும் மென்மை, நசுங்கிக் கூடு கறைபடும்.

நிறத்தைப் பற்றி ஒரு வார்த்தை, ஏனென்றால் அடிக்கடி எழும் சந்தேகம் இது. மஞ்சள் கூட்டின் மஞ்சள் புழு தயாரித்தது இல்லை, மல்பெரி இலையில் உள்ள கரோட்டினாய்டு. அதைக் குடலிலிருந்து ரத்தத்துக்கும் பட்டுச் சுரப்பிக்கும் கடத்தும் மரபணுக்கள் உள்ள இனம் மஞ்சள் கட்டும், இல்லாத இனம் வெள்ளை கட்டும். மஞ்சள் இனத்துக்கே அந்த நிறமி இல்லாத செயற்கைத் தீனி கொடுத்தால் வெள்ளைக் கூடுதான். வெண்புழுவுக்கு எவ்வளவு பச்சைத் தழை கொடுத்தாலும் மஞ்சளாகாது. ஆகவே இரட்டைக் கலப்பினம் என்று வாங்கியதில் மஞ்சள் கூடு தலைகாட்டினால் தழையைக் குறை சொல்ல வேண்டாம், மையத்தில் இனம் கலந்துவிட்டது.

குறைகள்? ஒன்று, கூட்டின் வடிவ ஒழுங்கு. நாலு தாத்தா பாட்டியின் மரபு ஒவ்வொரு புழுவிலும் வெவ்வேறு விதமாகப் பிரிந்து சேர்வதால், சி.எஸ்.ஆர்.2 × சி.எஸ்.ஆர்.4 போன்ற ஒற்றைக் கலப்பில் கிடைக்கும் ஒரே அச்சு இதில் இருக்காது. சில கூடு முட்டை வடிவத்தை நோக்கி, சில லேசாக இடை இடுங்கி. தானியங்கி நூற்பு ஆலைகள் முணுமுணுப்பது நியாயம்தான். தாங்குதிறனுக்குக் கொடுக்கும் விலையாக இதை ஏற்கலாம். இரண்டாவது, இதிலிருந்து முட்டை எடுத்துச் சொந்தமாக வளர்க்க முடியாது. கூட்டில் கொஞ்சம் வைத்து அந்துப்பூச்சி விட்டு முட்டை எடுத்தால், அடுத்த தலைமுறையில் கலப்பு வீரியம் சரிந்து, தோலுரிப்பு ஆளுக்கொரு நாளாகிவிடும். பெப்ரின் சோதனையும் இல்லை. மூன்றாவது, மையத்துக்கு மையம் தரம் மாறுவது. பெயரில் மாறாத எஃப்.சி.1 × எஃப்.சி.2, வளர்த்துக் கொடுக்கும் எட்டு நாளில் மாறிவிடுகிறது. பெட்டியில் இனத்தின் பெயரோடு அந்த எட்டு நாளின் சூடு, ஈரக் குறிப்பேட்டின் நகலும் வர வேண்டும். கேட்டால் தரும் மையங்கள் தேவலாம்.

யார் வாங்கலாம்: 900 மீட்டர் உயரத்தை ஒட்டிய ஓசூர், தேன்கனிக்கோட்டைப் பக்கத்தார் யோசிக்காமல் வருஷம் முழுக்க வாங்கலாம். உடுமலை, தேனி போன்ற இடங்களில் தண்ணீர் இருந்து, கூரை வேய்ந்து, வலை அடித்த ஷெட் இருந்தால் சித்திரை, வைகாசியை மட்டும் கவனித்து எடுக்கலாம். வேலூர், திருவண்ணாமலைச் சமவெளியில் ஆஸ்பெஸ்டாஸ் கூரை உள்ளவர், ஏப்ரல் முதல் ஜூன் வரையிலான வளர்ப்புக்கு மட்டும் மைசூர் × சி.எஸ்.ஆர்.2-க்கு மாறிக்கொள்வதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. முதல்முறை வாங்குபவர் 50 தொகுதியோடு தொடங்கி, வெப்பமானியும் ஈரமானியும் ஷெட்டின் நடுவில் புழுவின் உயரத்தில் தொங்கவிட்டு, காலை, நண்பகல், இரவு என்று மூன்று வேளை எழுதி வைக்கட்டும். அடுத்த முறை 100 கேட்பதா, இனத்தை மாற்றுவதா என்று அந்தத் தாள் சொல்லிவிடும்.